மூன்றாம் தரம்

நடந்தவை, நடந்த ஒழுங்கில்:

1. ஒஸ்லோவில் மருத்துவமனைகளுக்கும் ஹோட்டல்களுக்கும் துணி வெளுத்துக் கொடுத்த ஒரு தொழிற்சாலை மூடப்பட்டது. அங்கே பதினொரு வருடம் விரிப்பு மடித்த ஒரு பெண், குரோருட்டில் எங்கள் தொடர்மாடியில், எங்களுக்கு நேர் கீழே தனியாகக் குடியிருந்தார். நான் அவரை அன்ரி என்று கூப்பிடுவேன்.

2. அவர் வேலை அலுவலகத்தில் தன்னைப் பதிந்தார். வேலையில்லாத காலத்துக்கான கொடுப்பனவு அவருக்குக் கிடைத்தது.

3. இரண்டு கிழமைக்கு ஒருமுறை அனுப்பவேண்டிய அட்டை தவறாமல் அனுப்பப்பட்டது. நிரப்பியது நான்.

4. ஐந்தாம் மாதம் அலுவலகம் அவரை நேரில் அழைத்தது. மொழிபெயர்க்க நான் போனேன்.

5. அங்கே அவருக்கு ஒரு வேலை தர முன்வந்தார்கள். அவர் வேண்டாம் என்றார். நான் அதைச் சரியாக மொழிபெயர்த்தேன்.

6. கொடுத்த வேலையை மறுத்ததால் கொடுப்பனவு எட்டுக் கிழமைக்கு நிறுத்தப்படுகிறது என்று கடிதம் வந்தது.

இந்த ஆறு வரிகளையும் மேன்முறையீட்டுக்காக முதலில் ஒரு கொப்பித் தாளில் எழுதினேன். அப்போது எனக்கு இருபத்துமூன்று வயது, கணினிப் பொறியியல் கடைசி வருடம். பிழை எங்கே புகுந்தது என்று தெரியாவிட்டால் நடந்ததை வரிசையாக எழுதிப் பார்க்கவேண்டும் என்று படித்திருந்தேன். ஆறு வரிகளிலும் பிழை இல்லை. ஐந்தாவதில் இருக்கிற ‘சரியாக’ என்ற சொல்லைப் பிறகு பல தடவை வெட்டிப் பார்த்திருக்கிறேன். வெட்டினால் வரி பொய்யாகிவிடுகிறது.

அன்ரி எதையும் முதல் தரம் கேட்டதும் வாங்கமாட்டார். இரண்டாம் தரமும் வாங்கமாட்டார்.

கிழமைக்கு இரண்டு மூன்று தடவை எங்கள் வீட்டுக்கு ஏறி வருவார். சப்பாத்தைக் கழற்றி, மூக்கு வாசலைப் பார்க்கத் திருப்பி வைப்பார், எந்த நேரமும் புறப்படத் தயார் என்பதுபோல. உள்ளே வந்தால் கதிரையின் நுனியில் இருப்பார். அம்மா குசினிக்குள் இருந்து கேட்பார்:

“அக்கா, தேத்தண்ணி போடட்டோ?”

“வேண்டாம், இப்பதான் குடிச்சிட்டு ஏறினனான்.”

“கொஞ்சமாப் போடுறன்.”

“சீச்சீ, உங்களுக்கேன் கரைச்சல்.”

“ஊத்திப்போட்டன் அக்கா, குடியுங்கோ.”

“அப்ப சரி. ஊத்தினதை என்ன செய்யிறது.”

அதற்குப் பிறகுதான் அம்மா கேத்திலில் தண்ணீர் பிடிப்பார். தண்ணீர் பிடிக்கிற சத்தம் அன்ரிக்கும் கேட்கும். அவர் முகத்தில் ஒன்றும் தெரியாது.

ஏன் இப்படி என்று ஒருநாள் நேராகவே கேட்டேன். அவர் யோசிக்காமல் பதில் சொன்னார். “முதல் தரம் கேக்கிறது வாய், பிள்ளை. ரெண்டாந்தரம் கேக்கிறது பழக்கம். மூண்டாந்தரம் ஒருத்தர் கேட்டாத்தான் அவருக்குத் தர மனம் இருக்கெண்டு அர்த்தம். அதுக்கு முதல் வாங்கினா, பறிச்சது மாதிரி.”

கொடுக்கும்போதும் இதே கணக்குத்தான். வசந்தத்தில் ஒருநாள் தொடர்மாடிக்காரர் எல்லோரும் சேர்ந்து முற்றத்தைக் கூட்டித் துப்புரவாக்குவோம். அது முடிந்ததும் கீழ்த்தளத்தில் இருந்த வயதான நோர்வேக்காரப் பெண்ணை அன்ரி வீட்டுக்குக் கூட்டிப்போய் றோல்ஸ் வைத்தார். அந்தப் பெண் ஒன்று சாப்பிட்டுவிட்டு, நன்றி, போதும் என்றார். அன்ரி இன்னொன்று வைத்தார். உண்மையாகவே வயிறு நிறைந்துவிட்டது என்றார். இன்னொன்று வைத்தார். ஐந்தாவதைச் சாப்பிடும்போது அந்தப் பெண் என்னை உதவிக்குப் பார்த்தார். “மனிசி நல்லா வெக்கப்படுது, பாவம்,” என்று அன்ரி என் காதுக்குள் சொன்னார். அடுத்த வருடம் முற்றம் கூட்டும்போதே அந்தப் பெண் தனக்குப் பல்வலி என்று எல்லோருக்கும் அறிவித்துவிட்டார்.

இதைச் சிரிப்பாகச் சொல்லலாம். ஆனால் நிலக்கீழ் ரயிலில் நான் கண்டது சிரிப்பில்லை. தொழிற்சாலை இருந்த காலத்தில் ஒருநாள் நகர மத்தியில் ஒரே பெட்டியில் ஏறினோம். எட்டு மணித்தியாலம் நின்று வேலை செய்தவருக்குக் கால்கள் வீங்கியிருந்தன. ஓர் இளைஞன் எழுந்து இடம் கொடுத்தான். அன்ரி சிரித்து, “நை, நை,” என்றார். நிச்சயமாகவா என்று அவன் கேட்டான். “நை, நை, தக்,” என்றார், வேண்டாம், நன்றி என்று. அவன் திரும்ப இருந்து பத்திரிகையை விரித்தான். அன்ரி குரோருட் வரை நின்றுகொண்டே வந்தார். இறங்கும்போது சொன்னார்: “நல்ல வளர்ப்புப் பொடியன். ஆனா பொறுமை இல்லை.”

தொழிற்சாலை மூடப்படுமுன் அவர்களில் சிலரை அதே முதலாளியின் இன்னொரு இடத்துக்கு மாற்ற முடிவெடுத்தார்கள். மேற்பார்வையாளர் ஒவ்வொரு மேசையாக வந்து, போக விருப்பமா என்று கேட்டார். பிள்ளைகுட்டி உள்ளவர்களை முதலில் அனுப்புங்கள் என்று அன்ரி சொன்னார். அவர் அன்ரியின் தோளில் தட்டிவிட்டு அடுத்த மேசைக்குப் போனார். மாற்றப்பட்ட ஐந்து பேரில் இரண்டு பேருக்குப் பிள்ளைகள் இல்லை. அதையும் அன்ரிதான் எங்களுக்குச் சொன்னார், தேநீர் குடித்துக்கொண்டு, வேறு யாருக்கோ நடந்ததைப்போல.

இனி அந்த அட்டை. மெல்டெகோட் என்பார்கள். கறுப்புப் பேனாவால், பெட்டிக்கு வெளியே போகாமல் புள்ளடி போடவேண்டும். இயந்திரம்தான் வாசிக்கும். வேலை செய்தீர்களா, படித்தீர்களா, நோயாக இருந்தீர்களா, வெளியூர் போயிருந்தீர்களா என்று கேட்டுவிட்டு, கடைசியாக ஒரு கேள்வி: அடுத்த பதினான்கு நாளும் வேலை தேடுபவராகப் பதிவில் இருக்க விரும்புகிறீர்களா?

முதல் அட்டையில் அந்த வரிக்கு வந்ததும் அன்ரி பேனாவை வைத்துவிட்டார்.

“எடுத்த உடனை ஓம் எண்டு போடுறதோ?”

“வேறை எப்பிடி அன்ரி?”

“ஒரு மரியாதைக்கு முதல் இல்லை எண்டு போட்டா?”

“இல்லை எண்டு போட்டா எல்லாம் நிண்டுபோம்.”

“திருப்பிக் கேக்கமாட்டினமோ?”

“காட் திருப்பிக் கேக்காது அன்ரி. அது மெசின்.”

அவர் சிரித்தார். ஆனாலும் பேனாவைத் தொடவில்லை. “அப்ப நீரே போடும். என்ரை கை வராது.” அன்றிலிருந்து ஒவ்வொரு இரண்டாம் திங்களும் அந்தக் கடைசிப் புள்ளடியை நான் போட்டேன். அவர் அந்த நேரத்தில் யன்னல் பக்கம் திரும்பி நிற்பார்.

ஆகவே எனக்குத் தெரியாது என்று நான் சொல்ல முடியாது.

சந்திப்பு பெப்ரவரியில். அன்ரி இஸ்திரி போட்ட சட்டையும் கோயிலுக்குப் போடுகிற கம்பளி மேலங்கியும் அணிந்து, சொன்ன நேரத்துக்கு முக்கால் மணித்தியாலம் முன்பே வந்துவிட்டார். எங்களைக் கூப்பிட்ட அலுவலருக்கு முப்பது வயது இருக்கும். அன்பான பெண். சிரித்த முகத்தோடு கை கொடுத்தாள், மேசையில் இருந்த இனிப்புக் கிண்ணத்தை எங்கள் பக்கம் தள்ளினாள். நான் ஒன்று எடுத்தேன். அன்ரி தலையாட்டி மறுத்தார். கிண்ணம் திரும்பப் போனது.

அலுவலர் கணினித் திரையைப் பார்த்துச் சொன்னாள்: ஹொல்ம்லியாவில் முதியோர் இல்லம் ஒன்றின் சமையலறையில் உதவியாளர் வேலை. முழுநேரம். மொழி அதிகம் தேவையில்லை. திங்கட்கிழமை தொடங்கலாம். உங்களை நினைத்துத்தான் எடுத்து வைத்தேன். செய்கிறீர்களா?

நான் தமிழில் சொன்னேன். அன்ரியின் முகம் மலர்ந்தது. கைப்பையை மடியில் வைத்து, இரண்டு கையாலும் பிடித்து, பெருவிரலால் அதன் சிப்பைத் தடவிக்கொண்டிருந்தார்.

“ஐயோ, எனக்கென்னத்துக்கு. என்னைவிடக் கஷ்டப்பட்ட ஆக்கள் இருப்பினம். அவைக்குக் குடுக்கட்டுமன்.”

நான் மொழிபெயர்த்தேன்: தன்னைவிடத் தேவை உள்ளவர்கள் இருப்பார்கள், அவர்களுக்குக் கொடுக்கட்டும் என்கிறார்.

அலுவலர் புருவத்தை உயர்த்தினாள். “அப்படியானால் இந்த வேலை அவருக்கு வேண்டாமா? நிச்சயமாகவா?”

அதையும் சொன்னேன்.

“வேண்டாம் எண்டு சொல்லும் பிள்ளை,” என்றார் அன்ரி, இன்னும் மலர்ந்த முகத்தோடு. “அவவுக்கு என்னாலை கரைச்சல் வேண்டாம்.”

“வேண்டாம் என்கிறார்,” என்றேன்.

அலுவலர் தட்டச்சு செய்தாள். நீளமாக இல்லை, ஒரு வரிதான். பிறகு அச்சு எடுத்த தாள் ஒன்றைத் தந்து, வேறு கேள்வி உண்டா என்று கேட்டாள். அன்ரி, “நை, தக்,” என்றார்.

திரும்பி வரும்போது ரயிலில் இருக்க இடம் இருந்தது. வெளியே பார்த்தபடி அன்ரி கேட்டார்:

“ஹொல்ம்லியாவுக்கு எங்கை மாறவேணும்? மத்தியிலையோ?”

“ஓம், அங்கை இறங்கி மற்ற ரயில் எடுக்கவேணும். ஏன் அன்ரி?”

“இல்லை, திங்கக்கிழமை காலமை எத்தினை மணிக்கு வெளிக்கிடவேணும் எண்டு பாக்கிறன். அந்தப் பிள்ளை எப்ப திருப்பிப் போன் எடுப்பா? நாளைக்கோ?”

அப்போதுதான் எனக்கு விளங்கியது. அன்ரிக்குச் சந்திப்பு முடியவில்லை. கேத்திலில் இனித்தான் தண்ணீர் பிடிப்பார்கள்.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். அம்மா வெங்காயம் வெட்டுவதை நிறுத்தினார்.

“ரெண்டு தரம் கேட்டவளோ?”

“ஓம்.”

“மூண்டாந்தரம் நீ கேட்டிருக்கலாமே.”

“அம்மா, நான் மொழிபெயர்க்கப் போனனான். அவ சொல்லுறதைத்தான் சொல்லலாம்.”

“நல்லாச் சொன்னாய்,” என்று அம்மா திரும்ப வெட்டத் தொடங்கினார். “நாளைக்கு முதல் வேலையா அந்த ஒபிசுக்குப் போன் எடுத்துக் கதை.”

அடுத்த நாள் எனக்கு ஆய்வுகூடம் இருந்தது. அதற்கடுத்த நாள் எடுத்தேன். வரிசையில் நீங்கள் பதினேழாவது என்று இயந்திரக் குரல் சொன்னது. அன்ரி பக்கத்தில் நின்று பதினேழு, பதினாறு, பதினைந்து என்று என் உதடுகளைப் பார்த்தே தெரிந்துகொண்டார். ஒருவழியாக ஓர் ஆண்குரல் வந்தது. அந்த வேலை வேறொருவருக்குப் போய்விட்டது. மறுத்ததாகக் குறிப்பு இருக்கிறது. வேறு ஏதாவது சொல்லவேண்டுமானால் சம்பந்தப்பட்டவரே பேசவேண்டும்.

“அன்ரி, எந்த வேலை எண்டாலும் செய்வன், திருப்பி ஒருக்காச் சந்திக்கவேணும் எண்டு சொல்லுங்கோ.” தொலைபேசியைக் கையால் பொத்திக்கொண்டு அந்த வசனத்தை நோர்வே மொழியில் நான்கு தடவை சொல்லிக் கொடுத்தேன். அவர் நன்றாகவே சொன்னார். பதினொரு வருடம் அந்த மொழியில் வேலை செய்தவர். தொலைபேசியை வாங்கி, வணக்கம் சொல்லி, பெயர் சொல்லி, பிறந்த திகதி சொன்னார். அந்தக் குரல், “உங்களுக்கு நான் என்ன உதவி செய்யலாம்?” என்று கேட்டது எனக்கும் கேட்டது.

அன்ரி என்னைப் பார்த்தார்.

“ஒண்டுமில்லை, நன்றி,” என்றார்.

கடிதம் மூன்று கிழமை கழித்து வந்தது. அதற்கிடையில் அம்மாவும் அப்பாவும் யாழ்ப்பாணம் போய்விட்டார்கள். போர்நிறுத்தம் இருந்த காலம், பாதை திறந்திருந்தது. பதினாறு வருடத்துக்குப் பிறகு போகிறவர்கள் பத்துக் கிழமை நிற்கப் போனார்கள். நான் வீட்டில் தனியாக இருந்தேன்.

எட்டுக் கிழமை. கடிதத்தை இரண்டு தடவை வாசித்துச் சொன்னேன். அன்ரி கேட்டது ஒரே கேள்விதான்: “அப்ப நான் பேர்கனுக்குப் போகவேண்டி வருமோ?”

பேர்கனில் அவருடைய அண்ணன் குடும்பம் இருந்தது. நோர்வேக்கு வந்த முதல் இரண்டு வருடம் அன்ரி அங்கேதான் இருந்தார். வீட்டின் கீழே, உடுப்புத் தோய்க்கிற மெசினுக்குப் பக்கத்து அறை. அதைப்பற்றி அவர் கதைப்பதில்லை. ஒரே ஒரு தடவை சொன்னார்: “அண்ணன் மூண்டு தரமில்லை, முப்பது தரம் கேப்பார். அண்ணி ஒரு தரமும் கேக்கமாட்டா.” குரோருட் வீடு வாடகை வீடுதான். ஆனால் அதன் கதவுக்கு அவர் கையில் திறப்பு இருந்தது. யாராவது வந்தால், வாருங்கோ, இருங்கோ, தேத்தண்ணி போடட்டோ என்று கேட்கிற இடத்தில் அவர் இருந்தார். எட்டுக் கிழமை அந்த வீட்டைப் பிடித்து வைத்திருக்க அவரிடம் ஒன்றும் இல்லை.

வீட்டுக்காரர் ஒரு தமிழர். விசயத்தைச் சொன்னபோது, “பறவாயில்லை, ஆறுதலாத் தாங்கோவன்,” என்றாராம். அன்ரி, அது சரிவராது என்றாராம். அவரும் நிம்மதியோடு, சரி, அப்ப மாத முடிவில திறப்பைத் தாங்கோ என்றாராம்.

“சோஷலுக்குப் போகலாம் அன்ரி,” என்றேன். நகரசபையின் உதவி அலுவலகத்தை எங்கள் ஆட்கள் அப்படித்தான் சொல்வார்கள். “இப்பிடியான நேரத்துக்குத்தான் அது இருக்குது.”

“அங்கை ஆரும் கேக்கமாட்டினமெல்லோ. நாங்களாப் போய் தாங்கோ எண்டு நிக்கவேணும்.” அவர் கோபப்படவில்லை. உயரமான ஒரு தட்டைக் காட்டி, அது எனக்கு எட்டாது என்று சொல்வதைப்போலச் சொன்னார்.

மேன்முறையீட்டுக் கடிதத்தை அவருடைய குசினி மேசையில் எழுதினோம். முதலில் நான் சொன்ன யோசனை: மொழிபெயர்ப்பாளர் பிழையாகச் சொல்லிவிட்டார் என்று எழுதுவோம். நான் தொழில்முறை மொழிபெயர்ப்பாளர் இல்லை, எனக்கு ஒன்றும் நடக்காது, அவர்களும் நம்புவார்கள்.

“நீர் பிழையாச் சொல்லேல்லைத்தானே.”

“இல்லை.”

“அப்ப எழுதாதையும். உம்மடை பேரிலை பிழை வரக்கூடாது.”

இரண்டாவது: உண்மையை எழுதுவோம். எங்கள் பழக்கத்தில் முதல் மறுப்பு மறுப்பில்லை, மூன்றாம் தரம் கேட்கும்வரை பதில் வராது என்று ஒரு பந்தி எழுதி, தமிழில் வாசித்துக் காட்டினேன். நல்ல பந்தி என்றுதான் நினைத்தேன். அன்ரி மேசைத் துணியின் ஓரத்தை மடித்தார், விரித்தார், மடித்தார்.

“இதை வெட்டும், பிள்ளை.”

“இதுதானே அன்ரி காரணம்.”

“இப்பிடி விளங்கப்படுத்திப்போட்டு, அதுக்குப் பிறகு அவை தந்தா அது தந்ததே? மூண்டாந்தரம் கேளுங்கோ எண்டு நாங்களே சொல்லிக் குடுத்துக் கேக்கவைக்கிறது.”

வெட்டினேன். எஞ்சியது: நிலைமையை விளங்கிக்கொண்டதில் தவறு நேர்ந்துவிட்டது, எந்த வேலையும் செய்யத் தயார். மூன்று வரி. கடைசிப் புள்ளடியைப்போல அந்த மூன்றாவது வரியையும் அவர் யன்னலைப் பார்த்து நிற்கும்போதுதான் எழுதினேன்.

மாதம் முடிய ஐந்து நாள் இருந்தது. பின்னேரம் படியில் அவரைச் சந்தித்தேன். கீழறையில் இருந்து பழைய சூட்கேஸ் ஒன்றை ஏற்றிக்கொண்டு வந்தார். நான் அதை வாங்கி அவருடைய வாசலில் வைத்தேன். வைத்துவிட்டுக் கேட்டேன்:

“அன்ரி, அம்மாக்கள் வருமட்டும் எங்கடை வீட்டிலை வந்து இருங்கோவன். அறை சும்மாதானே கிடக்குது.”

அவருடைய முகம் மலர்ந்தது. தோளில் இருந்த கைப்பையை முன்னால் எடுத்து இரண்டு கையாலும் பிடித்தார். பெருவிரல் சிப்பைத் தடவியது.

“சீச்சீ, உமக்குச் சோதினை. நான் வந்து இடைஞ்சலா இருக்கிறதோ.”

“ஒரு இடைஞ்சலும் இல்லை அன்ரி. வாங்கோ.”

“வேண்டாம் பிள்ளை. அண்ணன் ரிக்கற் போட்டிட்டார்.”

அவர் பையைப் பிடித்தபடியே நின்றார். படியில் விளக்கு தானாக அணைகிற நேரம் வந்து அணைந்தது. நான் கையை உயர்த்தி அதைத் திரும்ப எரியவைத்தேன்.

“சரி அன்ரி,” என்றேன்.

என் காரணங்களைப் பிறகு எழுதிப் பார்த்தேன்.

அ. இறுதிச் செயல்திட்டத்தை ஒப்படைக்க மூன்று கிழமைதான் இருந்தது.

ஆ. அவர் வந்தால் ஒவ்வொரு வேளையும் மூன்று தரம் சாப்பிடச் சொல்வார். தனியாக இருந்த அந்த வீட்டின் அமைதி எனக்குப் பிடித்திருந்தது.

இ.

மூன்றாவதுக்கு எழுத எதுவும் இல்லை. அன்றைக்குப் பின்னேரம் ஏழு மணிக்கு அன்ரி மேலே வந்தார், சப்பாத்தைத் திருப்பி வைத்தார், கதிரை நுனியில் இருந்தார். பேர்கன் ரயிலுக்குக் கணினியில் ரிக்கற் எடுத்துத் தரமுடியுமா என்று கேட்டார். அண்ணன் போடவில்லையா என்று நான் கேட்கவில்லை. போகும் நாளைச் சொன்னார். யன்னல் பக்கம் வேண்டுமா என்று கேட்டேன். எது கிடைக்குதோ அது என்றார். யன்னல் பக்கம் எடுத்தேன்.

போன காலை, மடித்த இரண்டு விரிப்புகளைக் கொண்டுவந்து தந்தார். தொழிற்சாலையில் மடிப்பதுபோல, ஓரம் வெளியே தெரியாமல். “இது எனக்கு அங்கை தேவைப்படாது. வைச்சிரும்.” நான் முதல் தரமே கையை நீட்டி வாங்கிக்கொண்டேன். அவர் ஒரு கணம் என் கைகளைப் பார்த்தார். பிறகு, “நல்ல பிள்ளை,” என்றார். அதில் குத்தல் இருந்ததா என்று இன்றுவரை எனக்குச் சொல்லத் தெரியவில்லை. இருந்திருக்கலாம் என்று நினைப்பது எனக்குச் சுகம்.

அம்மா திரும்பி வந்து, கீழ் வீட்டு யன்னலில் வேறு திரைச்சீலை கிடப்பதைக் கண்டு கேட்டார். நடந்ததைச் சொன்னேன்.

“நீ எங்கடை வீட்டிலை இருக்கச் சொல்லேல்லையோ?”

“சொன்னனான்.”

“எத்தினை தரம்?”

நான் எண்ணத் தெரியாதவள் இல்லை. “ரெண்டு,” என்றேன். அம்மா பயணப் பெட்டியைத் திறந்து உடுப்புகளை வெளியே எடுக்கத் தொடங்கினார்.

மேன்முறையீட்டுக்குப் பதில் கோடையில் வந்தது. அன்ரி எங்கள் முகவரியைக் கொடுத்திருந்தார். அரைப்பக்கம். வேலை தெளிவாக, இரண்டு முறை, மொழிபெயர்ப்பாளர் முன்னிலையில் வழங்கப்பட்டது. ஆகவே முடிவை மாற்றக் காரணம் இல்லை. அந்தக் கடிதத்திலும் பிழை இல்லை. அது வந்தபோது எட்டுக் கிழமை முடிந்து ஒரு மாதம் ஆகியிருந்தது. குரோருட்டில் இருந்து அட்டைகளை ஒழுங்காக அனுப்பியிருந்தால் கொடுப்பனவு திரும்பத் தொடங்கியிருக்கும். பேர்கனுக்குப் போன பிறகு அவர் அட்டை அனுப்பவில்லை. அங்கே அந்தக் கடைசிப் புள்ளடியைப் போட ஆள் இல்லை.

இப்போதைய நிலை இது. எனக்கு வேலை இருக்கிறது. படிவங்களை மக்கள் இணையத்தில் நிரப்புவதற்கான மென்பொருள் செய்கிற ஓர் இடத்தில். ஒரு கேள்வியை ஒரே தரம் கேட்கவேண்டும் என்பது அங்கே விதி. இரண்டாம் தரம் கேட்டால் ஆட்கள் எரிச்சலடைகிறார்கள். அன்ரி பேர்கனில் அண்ணன் வீட்டில், கீழ் அறையில் இருக்கிறார். அண்ணியின் பேரப்பிள்ளைகளைப் பார்க்கிறார். வேலை தேடுபவராக எங்கும் பதிவில் இல்லை. வருடப்பிறப்புக்கும் தீபாவளிக்கும் நான் தொலைபேசி எடுப்பேன். ஒருக்கா இஞ்சை வந்து நிண்டிட்டுப் போமன் என்று மூன்று தரம் கேட்பார். மூன்று தரமும் வருகிறேன் என்று சொல்வேன். இன்னும் போகவில்லை.